எதிரில் நின்றவர்

செங்கற்பட்டிலிருந்து சென்னைக் கடற்கரையை நோக்கி விடியற்காலையில் புறப்படும் மின்சார ரயில், பரனூரையும் சிங்கப்பெருமாள் கோவிலையும் கடந்து, கூடுவாஞ்சேரி, ஊரப்பாக்கம், வண்டலூர் என்று நிலையத்துக்கு நிலையம் ஜனங்களை வாரி ஏற்றிக்கொண்டு, எங்கள் பீர்க்கன்கரணைக்காரர்கள் காத்து நிற்கும் பெருங்களத்தூருக்கு வந்து சேரும்போது, அதில் உட்கார இடம் கிடைப்பது அரிது. மேலே தொங்கும் பிடியைப் பற்றிக்கொண்டு நின்றபடியே போகிறவனுக்கு, எதிரில் இருக்கிற முகங்களைப் பார்ப்பதைத் தவிர வேறு வேலை இல்லை. அலுவலகத்துக்குப் போகிற குமாஸ்தா, மல்லிகைக் கூடையை மடியில் வைத்துக்கொண்டு கண்ணயர்கிற பூக்காரம்மாள், பரீட்சைக்குப் படிக்கிற பையன், யாரோடோ மனத்துக்குள் சண்டை போட்டுக்கொண்டு உதடு அசைய நிற்கிற ஒருவர் என்று, அந்த முகங்கள் ஒவ்வொன்றின் பின்னாலும் ஒரு முழு வாழ்க்கை இருக்கிறது என்பதைப் பல ஆண்டுகள் இத்தடத்தில் பிரயாணம் செய்து அறிந்தவன் நான்.

இந்தத் தடத்தின் தென்கோடியில் பிறந்து வளர்ந்து, தாம்பரத்தில் கல்லூரியில் அடியெடுத்து வைத்து, பின்பு சென்னைக்குப் போய்த் தமிழ்த் திரையுலகில் குணச்சித்திர நடிப்பு என்பதற்கே ஓர் உதாரண புருஷராக விளங்குகிற நாசரைப் பற்றி நினைக்கும்போதெல்லாம், எனக்கு அந்த ரயில் பெட்டியின் முகங்கள்தான் நினைவுக்கு வருகின்றன. ‘பாகுபலி’யில் சூம்பிய கையோடு சூழ்ச்சி பேசிய பிஜ்ஜலதேவனாகவும், 2015-ஆம் ஆண்டில் நடிகர் சங்கத்தின் தலைவராகத் தேர்ந்தெடுக்கப்பட்டவராகவும் இன்றைய இளைஞர்கள் அவரை அறிவார்கள். அதற்கு வெகுகாலம் முன்பு, 1985-க்கும் 1995-க்கும் இடைப்பட்ட ஏறத்தாழப் பத்து ஆண்டுகளில், பெயர் தெரியாத ஒரு சிறு வேஷத்திலிருந்து தொடங்கி, படிப்படியாக அவர் எப்படி ஒரு மகா நடிகராக உருவானார் என்பதே நான் இங்கே சொல்ல விரும்புவது.

செங்கற்பட்டை அடுத்த பாலூரில் 1958-ஆம் ஆண்டு மார்ச் மாதம் 5-ஆம் தேதி பிறந்த நாசர், செங்கற்பட்டுப் புனித சூசையப்பர் பள்ளியில் பயின்று, புகுமுக வகுப்புக்குச் சென்னைக் கிறிஸ்தவக் கல்லூரியில் சேர்ந்தார். 1937-இல் ஜார்ஜ் டவுனின் நெரிசலை விட்டுத் தாம்பரத்துக் காட்டுக்குக் குடிபெயர்ந்த அந்தக் கல்லூரி, இந்தப் பக்கத்துப் பிள்ளைகளுக்குச் செய்திருக்கிற உபகாரம் கொஞ்சமல்ல. மரங்களும் மான்களும் நிறைந்த அதன் வளாகத்தில் பாடப் புத்தகத்தோடு நாடகமும் பாட்டும் விவாதமும் எப்போதும் சேர்ந்தே வளர்ந்து வந்திருக்கின்றன. நாசருக்கும் அங்கே மாணவர் நாடகங்களில் ஈடுபாடு உண்டாயிற்று. சிறிது காலம் இந்திய விமானப் படையில் வேலை பார்த்தார். பின்பு சென்னையின் பெரிய ஹோட்டல் ஒன்றில் பரிமாறுகிறவராகவும் இருந்தார். பிள்ளை சினிமாவுக்குப் போகிறேன் என்றால் தலையில் அடித்துக்கொள்ளும் தகப்பன்மார்களே மலிந்த அந்நாளில், நடிகனாக வேண்டும் என்று பிள்ளையைவிட அதிகமாக ஆசைப்பட்டவர் அவருடைய தகப்பனார்தான்.

நாசரின் நடிப்பைப் பேசுவதற்கு முன்னால், அவர் கற்ற விதத்தைப் பற்றி ஒரு வார்த்தை சொல்ல வேண்டும். ஒரு காலத்தில் தமிழ் நடிகர்களுக்கெல்லாம் குருகுலமாக இருந்தவை பாய்ஸ் கம்பெனிகள். சங்கரதாஸ் சுவாமிகளின் காலந்தொட்டு, ஏழு எட்டு வயதுச் சிறுவர்களைச் சேர்த்துச் சோறு போட்டு, பாட்டும் வசனமும் நடையும் வாளேந்திச் சண்டையும் கற்பித்து, வாத்தியாரின் பிரம்புக்குப் பயந்து வேஷம் கட்டவைத்த அந்தக் கம்பெனிகளிலிருந்துதான் எம்.ஜி.ஆரும் சிவாஜி கணேசனும் இன்னும் எத்தனையோ பேரும் வந்தார்கள். சினிமா வளர வளர அந்தக் கம்பெனிகள் ஒவ்வொன்றாகக் கலைந்துபோயின. 1970-களில் நடிப்புக் கற்க விரும்பிய ஒரு பையனுக்குப் போக்கிடம் இல்லாமற்போயிற்று. அந்தக் குறையை ஓரளவு தீர்த்தது தென்னிந்தியத் திரைப்பட வர்த்தக சபை நடத்திய நடிப்புப் பள்ளி. ரஜினிகாந்த் பயின்றது அங்கேதான். நாசர் அந்தப் பள்ளியிலும் படித்தார். அது போதாதென்று தமிழ்நாடு அரசின் திரைப்படப் பயிற்சி நிறுவனத்திலும் சேர்ந்து நடிப்பில் பட்டயம் பெற்றார். ஒரே வித்தையை இரண்டு இடங்களில் கற்ற இந்தச் சிரத்தை, அவருடைய சுபாவத்தைக் காட்டுகிறது.

இப்படிப்பட்ட பள்ளிகளில் மாணவனுக்கு முதலில் வற்புறுத்தப்படுவது வசனத்தை உரக்கப் பேசுவது அன்று; எதிரில் நிற்கிறவன் பேசும்போது உண்மையாகவே கேட்பது. கேட்டல் என்பது பார்வைக்கு எளிது, செய்வதற்கு மிகவும் கடினம். தன் முறை வரட்டும் என்று காத்து நிற்கிற நடிகனைக் காமிரா ஒரு நொடியில் காட்டிக் கொடுத்துவிடும். நாசரின் நடிப்பில் நான் முதன்மையாக மதிப்பது இந்தக் கேட்கும் குணத்தைத்தான்.

1985-இல் கே. பாலசந்தர் இயக்கிய ‘கல்யாண அகதிகள்’ படத்தில் ஒரு துணைப் பாத்திரத்தில் அவர் திரைப் பிரவேசம் செய்தார். இரண்டு ஆண்டுகள் கழித்து, 1987-இல், எஸ்.பி. முத்துராமனின் ‘வேலைக்காரன்’ படத்தில் ரஜினிகாந்துக்கு எதிரிகளின் கூட்டத்தில் ஒருவரானார். பெரிய ஹோட்டல் ஒன்றில் வேலை செய்கிறவனின் கதை அது. நிஜ வாழ்க்கையில் ஹோட்டலில் தட்டு ஏந்திய ஒருவர், அதே சூழலில் அமைந்த கதையில் வில்லனாக வந்து நின்றது ஒரு விசித்திரமான பொருத்தம். அதே ஆண்டில் ‘வண்ணக் கனவுகள்’, யூகி சேதுவின் ‘கவிதை பாட நேரமில்லை’ ஆகியவையும் வந்தன. வில்லன் என்றால் கண்ணை உருட்ட வேண்டும், சிரிக்க வேண்டும், கடைசியில் அடிபட வேண்டும் என்கிற கிரமம் நிலைபெற்றிருந்த காலம் அது. அந்தக் கிரமத்துக்குள் ஒரு புதியவர் செய்துகாட்டக்கூடியது அதிகமில்லை. கூர்மையான நீண்ட மூக்கும், பெரிய கண்களும், அடித்தொண்டையிலிருந்து எழும் கனத்த குரலும் அமைந்த முகத்தைத் தயாரிப்பாளர்கள் கெட்டவன் வேஷத்துக்கென்றே ஒதுக்கி வைத்துவிடுகிற அபாயமும் இருந்தது.

அந்த அபாயத்திலிருந்து அவரைக் காப்பாற்றியது அதே 1987-ஆம் ஆண்டின் தீபாவளிக்கு வெளிவந்த மணிரத்னத்தின் ‘நாயகன்’. பம்பாயில் ஏழைகளுக்கெல்லாம் தெய்வமாகவும் சட்டத்துக்குக் குற்றவாளியாகவும் வாழ்கிற வேலு நாயக்கரைப் பிடிக்க வருகிற உதவிக் கமிஷனர், அவருடைய பிரிந்துபோன மகளின் கணவன் என்பது கதையின் பிற்பகுதியில் தெரியவருகிறது. அந்தப் பாத்திரத்துக்குக் கிடைத்த நேரம் சொற்பம். ஜனங்களின் அனுதாபமோ முழுவதும் நாயக்கராக நடித்த கமல்ஹாசனின் பக்கம். அப்படிப்பட்ட இடத்தில் இருக்கிற போலீஸ்காரனை ஓர் இடையூறாக மட்டும் காட்டிவிட்டுப் போவது எளிது. நாசரோ, கத்தவுமில்லை, மிரட்டவுமில்லை; தன் கடமையில் துளியும் சந்தேகமில்லாத ஒரு மனிதனின் நிமிர்ந்த முதுகோடும் அளந்த பேச்சோடும் நின்றார். நாயக்கருக்கு ஒரு நியாயம் உண்டென்றால் இவனுக்கும் ஒரு நியாயம் உண்டு என்று பார்க்கிறவர் ஒரு கணம் தயங்குகிறார். அந்தத் தயக்கம் இல்லாவிட்டால் அந்தப் படத்தின் கடைசிப் பகுதிக்கே கனம் இருந்திராது.

நாசரின் ஆரம்பகாலத்தை முழுவதும் விளக்குகிற சாவி இதுதான் என்பது என் அபிப்பிராயம். அவர் எந்தப் பாத்திரத்தை ஏற்றாலும், அந்தப் பாத்திரம் தன்னைப் பற்றி என்ன நினைத்துக்கொண்டிருக்கிறதோ, அதன் பக்கம் நின்றே நடித்தார். உலகத்தில் எந்தக் கெட்டவனும் தன்னைக் கெட்டவன் என்று எண்ணிக்கொள்வதில்லை. அவனுக்கென்று ஒரு கணக்கு, ஒரு வஞ்சம், ஒரு பழைய காயம் இருக்கிறது. டி.எஸ். பாலையாவும் எம்.ஆர். ராதாவும் ரங்காராவும் இந்த உண்மையை அறிந்த கலைஞர்கள். அந்த வரிசையில் 1980-களில் வந்து சேர்ந்தவர் நாசர்.

1989-இல் ‘அபூர்வ சகோதரர்கள்’ படத்தில் நாகேஷ், ஜெய்சங்கர், டெல்லி கணேஷ் ஆகியோருடன் நான்கு வில்லன்களில் ஒருவராக வந்தார். வயதிலும் அனுபவத்திலும் தம்மைவிட மூத்த மூவருக்கு நடுவில் நின்று தம் இடத்தைப் பிடித்துக்கொண்டார் என்பதற்குமேல் அதைப் பற்றிச் சொல்ல வேண்டியதில்லை. அவருடைய திறமை முழுவதும் வெளிப்பட்ட ஆண்டு 1992.

அந்த ஆண்டு ஆகஸ்ட் 15-ஆம் தேதி ‘ரோஜா’ வெளியாயிற்று. காஷ்மீரத்தில் கணவனைத் தீவிரவாதிகளிடம் பறிகொடுத்து, பாஷை தெரியாத ஊரில் திக்கற்று நிற்கிற கிராமத்துப் பெண்ணுக்குத் தமிழ் பேசத் தெரிந்த ராணுவ அதிகாரி ஒருவர் கிடைக்கிறார். கர்னல் ராயப்பா என்கிற அந்தப் பாத்திரத்தில் நாசருக்குப் பேசுவதைவிடக் கேட்பதுதான் அதிகம். தீவிரவாதிகள் கேட்கிற கைதியை விடுதலை செய்து தன் கணவனை மீட்டுத் தரும்படி அவள் அழுதும் கோபித்தும் வாதாடுகிற இடங்களில், அவர் முகத்தைக் கவனியுங்கள். அவள் சொல்வது மனிதருக்கு நியாயம். அவர் உடுத்தியிருக்கிற சீருடைக்கு அது நியாயமாகாது. இந்த இரண்டும் ஒன்றோடொன்று மோதுவதை அவர் புருவத்தை நெரித்துக் காட்டவில்லை. கண்கள் அவளை விட்டு அகலாமல் இருக்க, தாடை மட்டும் சற்றே இறுகுகிறது. இரக்கம் மிகுந்த ஒரு மனிதன் இரக்கம் காட்ட முடியாத இடத்தில் உட்கார்ந்திருப்பது அந்தச் சிறிய இறுக்கத்தில் தெரிந்துவிடுகிறது.

இரண்டு மாதங்கள் சென்றன. தீபாவளிக்கு ‘தேவர் மகன்’ வந்தது. தாம்பரத்துத் திரையரங்கு ஒன்றில், பண்டிகைக் கூட்டத்தில், முன்வரிசைப் பெஞ்சில் இடம் கிடைத்து, கழுத்து வலிக்க அண்ணாந்து பார்த்த அந்த மாலை எனக்கு இன்றும் நினைவிருக்கிறது. என் பக்கத்தில் உட்கார்ந்திருந்த என் மைத்துனர், பாதிப் படத்தில் என் தொடையைத் தட்டி, “மாமா, இவர்தானே ரோஜாவுல பட்டாளத்து ஆபீசர்? அதே ஆளா?” என்று கேட்டார். அந்தக் கேள்வியைவிடப் பெரிய விருதை எந்தச் சபை ஒரு நடிகருக்குக் கொடுத்துவிட முடியும்?

கமல்ஹாசன் எழுதி, பரதன் இயக்கிய அந்தப் படத்தில், நாசர் ஏற்ற மாயன், கதாநாயகனுக்குப் பங்காளி. பங்காளிப் பகை என்பது என்னவென்று கிராமத்து வாசனை உள்ள எவருக்கும் விளக்கவேண்டியதில்லை. ஒரே இரத்தம், ஒரே குலதெய்வம், நடுவில் தலைமுறை தலைமுறையாக ஒரு வேலி. பெரிய வீட்டின் கௌரவத்தைப் பார்த்துப் பார்த்தே வளர்ந்து, நடமாட்டமற்றுக் கிடக்கிற தகப்பனின் இயலாமையைத் தினமும் கண்டு புழுங்கிய ஒரு மனிதன் அவன். பஞ்சாயத்துக் காட்சியில், தமிழ் நடிப்புக்கே இலக்கணம் வகுத்த சிவாஜி கணேசன் பெரிய தேவராக வீற்றிருக்க, அவருக்கு எதிரில் நின்று பேச வேண்டிய பொறுப்பு, அப்போது 34 வயதே ஆன நாசருக்கு வாய்த்தது. சிங்கத்தின் முன்னால் நிற்கிறவன் கர்ஜித்தால் பரிகாசத்துக்கு இடமாகும். நாசர் அங்கே கர்ஜிக்கவில்லை, புலம்பினார் என்றுதான் சொல்ல வேண்டும். குரல் உயர்ந்து, உயர்ந்த இடத்தில் உடைந்து, உடைந்ததை மறைக்க மேலும் உயர்ந்தது. கை நீட்டிப் பேசுகிற அந்த ஆங்காரத்துக்குள்ளே, தன்னை ஒரு மனிதனாக இந்த ஊர் என்றாவது மதித்ததுண்டா என்று கேட்கிற ஒரு பையனின் அழுகை இருந்தது. ஏரிக்கரையை உடைத்து ஊரைப் பாழாக்குகிற பாதகனை நாம் மன்னிப்பதில்லை. ஆனால் அவன் ஏன் இப்படியானான் என்பது நமக்குத் தெரிந்திருக்கிறது. கடைசியில் அவன் வெட்டுண்டு விழும்போது கதாநாயகன் வென்ற ஆரவாரம் எங்கள் திரையரங்கில் எழவில்லை. ஜனங்கள் மௌனமாக எழுந்து வெளியே வந்தார்கள்.

இதற்குப் பின் அவருக்குக் கிடைத்த வேஷங்களின் விரிவு ஆச்சரியமானது. 1994-இல் ‘மகளிர் மட்டும்’ படத்தில், தம்மிடம் வேலை செய்யும் பெண்களைத் தொல்லைப்படுத்துகிற மேலதிகாரியாக, முழுக்க முழுக்க ஹாஸ்யத்தில் இறங்கினார். அடுத்த ஆண்டில் ‘பம்பாய்’. அதில் ஆசாரம் மிகுந்த இந்துத் தகப்பனார் நாராயண பிள்ளையாக இஸ்லாமியரான நாசரையும், முஸ்லிம் தகப்பனார் பஷீராக இந்துவான கிட்டியையும் மணிரத்னம் நடிக்கவைத்தார். நெற்றியில் நீறும் தோளில் துண்டுமாக நாசர் வந்து நின்றபோது, அவருக்கு மகனாக நடித்த அரவிந்த்சாமியைவிட அவர் 12 வயதுதான் மூத்தவர் என்பதை யாரும் நினைத்துப் பார்க்கவில்லை. உட்காரும்போது முழங்காலில் கையூன்றிக்கொள்கிற விதம், கோபத்தில் மூச்சு முன்னும் சொல் பின்னுமாக வருகிற விதம், பேரக்குழந்தைகளைக் கண்டதும் பிடிவாதம் முகத்தின் ஒரு பக்கத்திலிருந்து மட்டும் இளகத் தொடங்குகிற விதம் ஆகிய இவற்றில்தான் அந்த முதுமை இருந்தது. ஒட்டிய நரையில் இல்லை. சம்பந்தியோடு போட்டி போட்டுக்கொண்டு பேரப்பிள்ளைகளைக் கொஞ்சுகிற அந்தக் கிழவரை நம் தெருவில் எத்தனை வீட்டுத் திண்ணையில் பார்த்திருக்கிறோம்!

அதே 1995-இன் தீபாவளிக்கு வந்த ‘குருதிப்புனல்’, பாட்டே இல்லாத படம், பி.சி. ஸ்ரீராம் இயக்கியது, அவ்வாண்டு ஆஸ்கார் பரிசுக்கு இந்தியாவின் சார்பில் அனுப்பப்பட்டது. தீவிரவாதிகளின் தலைவன் பத்ரி, போலீஸ் அதிகாரியின் கையில் சிக்கி, அடைத்து வைக்கப்பட்ட அறையில் இருந்துகொண்டே, தன்னைப் பிடித்தவனைத் தன் பிடிக்குள் கொண்டுவருகிறான். விலங்கு பூண்டவன் அமைதியாக இருக்கிறான். சாவி வைத்திருப்பவனுக்கு வியர்க்கிறது. மூன்று ஆண்டுகளுக்கு முன் மாயனாக நரம்பு புடைக்கக் கதறிய அதே தொண்டை, இங்கே இரகசியம் சொல்வது போலத் தாழ்ந்து, ஒவ்வொரு சொல்லையும் எடை போட்டு வைக்கிறது. பயமுறுத்துவதற்கு உரத்த குரல் வேண்டாம் என்று அந்த நாளில் நம் சினிமாவுக்குக் கற்பித்த காட்சிகள் அவை.

இவையெல்லாம் பிறர் எழுதிக் கொடுத்த பாத்திரங்கள். தாமே எழுதி, தாமே இயக்கி, தாமே நடித்த முதல் படத்தையும் நாசர் 1995-இல்தான் அளித்தார், அதுவே ‘அவதாரம்’. பத்தாண்டுக் காலம் சேர்த்த நம்பிக்கையையெல்லாம் அவர் எதில் முதலீடு செய்தார் என்றால், நகரத்து ரசிகர் பலர் ஏறெடுத்தும் பார்க்காத தெருக்கூத்தில். காஞ்சிபுரம், செங்கற்பட்டு, செய்யாறு, திருவண்ணாமலை என்று விரிகிற தொண்டைநாட்டுப் பூமி கூத்தின் தாய்வீடு. திரௌபதி அம்மன் கோயில் விழாக்களில் இரவு முழுவதும் முகவீணையும் மிருதங்கமும் முழங்க, மரக்கட்டையில் செய்து கண்ணாடிச் சில்லு பதித்த கிரீடமும் புஜகீர்த்தியும் தரித்து, கட்டியக்காரன் வழிவிடத் திரைக்குப் பின்னிருந்து வேஷக்காரர் வெளிப்படுகிற காட்சியைக் கண்டவர்களுக்கு, அதன் மகிமையை நான் எடுத்துச் சொல்லவேண்டியதில்லை. அந்த மண்ணிலிருந்து வந்த ஒருவர், கூத்துக் கலைஞர்களின் வறுமையையும் பெருமையையும் பொறாமையையும் படமாக்கினார்.

அதில் அவர் ஏற்ற குப்புசாமி, வேஷம் கட்டவேண்டும் என்கிற ஏக்கம் ஒன்றைத் தவிர வேறொன்றும் அறியாத வெகுளி. கண் தெரியாத பெண்ணாக ரேவதி, கொடியவனாக, அப்படத்தின் மூலமே தமிழில் அறிமுகமான பாலாசிங், இசை இளையராஜா. மாயனையும் கர்னலையும் கண்டவர்களுக்கு, இந்தக் குப்புசாமியின் தொங்கிய தோளும், யாரைப் பார்த்தாலும் தன்னை அடித்துவிடுவார்களோ என்று பின்வாங்குகிற பாதமும், பாராட்டு ஒன்று கிடைத்தால் முகம் முழுவதும் மலர்கிற மலர்ச்சியும், இவர் வேறொரு மனிதரோ என்கிற மயக்கத்தை உண்டாக்கும். தான் நேசித்தவளுக்கு நேர்ந்த அநியாயத்தால் நொறுங்கிப்போன அந்த வெகுளி, முடிவில் நரசிம்ம வேஷம் தரித்துக் கொடியவனைச் சங்காரம் செய்கிறான். வாழ்நாள் முழுவதும் கிடைக்காத வேஷம் அவனுக்குக் கிடைத்துவிட்டது. ஆனால் அது வேஷமாக நிற்கவில்லை. படம் வசூலில் பெரிதாகப் பேசப்படவில்லை என்பதில் எனக்கு இன்றும் வருத்தம் உண்டு. தமிழ்க் கூத்தைத் திரையில் இத்தனை மதிப்போடு நடத்திய படங்கள் நமக்கு அதிகமில்லை.

சில ஆண்டுகளுக்கு முன், தொலைக்காட்சியில் ஒரு நள்ளிரவில் அந்தப் படத்தைப் போட்டார்கள். மதுராந்தகம் பக்கத்திலிருந்து வந்து எங்கள் ஏரிக்கரைத் தெருவில் மகன் வீட்டில் தங்கியிருந்த ஒரு பெரியவர், இளமையில் கூத்தில் பின்பாட்டுப் பாடியவர், தூக்கம் வராமல் எங்கள் வீட்டுத் திண்ணைக்கு வந்தார். உள்ளே அழைத்து நாற்காலி போட்டேன். முழுப் படத்தையும் ஒரு வார்த்தை பேசாமல் பார்த்தார். நரசிம்ம வேஷத்தோடு குப்புசாமி வெளிப்பட்டபோது மட்டும், அவர் வலது பாதம் தரையில் தாளம் தட்டத் தொடங்கியது. விரல்கள் நாற்காலிக் கையில் அடவைப் பின்தொடர்ந்தன.

படம் முடிந்தது. மேல்துண்டால் கண்ணைத் துடைத்துக்கொண்டு, “இந்தப் பிள்ளை எந்த ஊருப்பா?” என்றார்.

“பாலூருங்க ஐயா. செங்கல்பட்டுலேர்ந்து காஞ்சிபுரம் போற வழி.”

“அதான பாத்தேன்” என்று எழுந்தார் அவர். “ராத்திரியில சிங்கப்பெருமாள் கோவில் தாண்டி ரயிலு போறப்ப, எங்க வாத்தியாரு பெட்டிக்குள்ள இருந்தே அந்த மலை பக்கம் திரும்பிக் கும்புடுவாரு. நரசிம்ம வேஷம் கட்டுறவரு. கும்புட்டுட்டு அப்புறம் ஊரு வர்ற வரைக்கும் யாரோடயும் பேசமாட்டாரு. இந்தப் பிள்ளை முகத்துல அது இருந்துச்சு.”

வாசல்வரை சென்று செருப்பை மாட்டிக்கொண்டவர், திரும்பி வந்து, அந்தப் படம் மறுபடியும் எப்போது போடுவார்கள் என்று கேட்டார்.